கைநாட்டு

நான் வெட்டுபவன்.
லிமாவில், மூன்றாம் மாடியில்.
ஜன்னலுக்கு வெளியே மழை என்று சொல்ல முடியாத ஒரு மழை,
உள்ளே இரண்டு திரை, ஆறிப்போன காபி.
மலையை நான் பார்த்ததில்லை.
மலையிலிருந்து வரும் மெமரி கார்டுகளைத்தான் பார்க்கிறேன்.

கார்டு எண் பதினான்கு.
உச்சுபம்பா, காலை ஏழு இருபது.
இரவுப் பனியில் உறைந்த உருளைக்கிழங்கை
வெறுங்காலால் மிதித்துக்கொண்டிருக்கிறாள் ஃபோர்த்துனாத்தா.
தோல் கழன்று பாதத்தில் ஒட்டுகிறது.

"படம் எடுக்க வந்திருக்கிறோம்" என்கிறது யெனியின் குரல்.
"எதை எடுக்க?" என்கிறாள், மிதிப்பதை நிறுத்தாமல்.

சால்வையில் மைக்கைக் குத்துகிறார்கள்.
சொல்லத் தொடங்கிவிடுகிறாள்:
தடுப்பூசி என்றார்கள், லாரி வந்தது,
பெண்கள் மட்டும் ஏறுங்கள் என்றார்கள்.
ஒரு நிமிடம் என்று யெனி
பையைத் திறக்கிறாள்.
அனுமதிப் படிவம். சேனலின் வக்கீல் தயாரித்தது.
நாலு பக்கம், ஸ்பானிஷ்.
எழுதத் தெரியாதவர்களுக்கென்று கூடவே ஒரு மைப்பெட்டி,
நீலம்.

இந்த இடத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன்.
நொடிக்கு இருபத்தைந்து சட்டகம்,
எதில் அவள் முகம் மாறுகிறது என்று.
முகம் மாறவில்லை. கால் நின்றது.
பிறகு, வலது கட்டைவிரலை
மற்ற நான்குக்குள் மடித்துக்கொண்டாள்,
பிடுங்கிவிடுவார்களோ என்று
காசை மூடும் குழந்தை மாதிரி.

"அன்றும் நீலம்தான்.
நர்ஸ்தான் மணிக்கட்டைப் பிடித்தாள்.
நல்ல பெண், கை சூடாக இருந்தது.
என்ன எழுதியிருக்கு என்று கேட்டேன்.
ஒன்றுமில்லைம்மா, சம்பிரதாயம் என்றாள்.
வீடு வந்து சேரும்போது
விரலில் மை இருந்தது, வயிற்றில் தையல் இருந்தது.
மை சீக்கிரம் போய்விட்டது."

யெனி சொல்லவிருந்த சொல்லும் அதுவேதான்.
சட்டகத்துக்கு வெளியே அவள் வாய் திறந்து மூடியதை
மைக் பிடித்திருக்கிறது,
ஒரு சின்ன ஈரச் சத்தமாக.

"வாசி" என்றாள் ஃபோர்த்துனாத்தா.

யெனிக்குத் தெரிந்த கெச்சுவா
சந்தையில் கீரை வாங்கப் போதும்.
'உலகெங்கும், நிரந்தரமாக, ஊதியம் கோராமல்' என்ற இடத்தில்
அவள் தடுக்கி நிற்க,
டிரைவர் பெனிக்னோ வண்டியை விட்டு இறங்கி வந்தான்:
"உன் முகத்தை இவங்க வச்சுக்குவாங்க.
காசு கிடையாது. நீ செத்த பிறகும் திருப்பித் தரமாட்டாங்க."
அவள் சிரித்தாள், முதல்முறையாக.
"இது புரிகிறது."

நாற்பத்தொரு நிமிடம், வரிவரியாக.
மூன்றாம் பக்கத்தில் பாதியை அடிக்கச் சொன்னாள், யெனி அடித்தாள்.
ஒரு நாய் வந்து காலடியில் படுத்தது.
வெயில் ஏறி, மிதிக்காத கிழங்கெல்லாம் கொழகொழத்துப் போயிற்று.
கடைசியில்,
"விரல் தரமாட்டேன், வாயால் சொல்கிறேன்" என்று
கேமராவைப் பார்த்துச் சம்மதம் சொன்னாள்.
ஊர், பெயர், இருக்கும் பிள்ளைகள் இரண்டு,
மூன்றாவதற்கென்று வைத்திருந்த பெயர்.
பிறகு அந்தப் பெயரை மட்டும் அடித்துவிடச் சொன்னாள்.
இங்கேயும் அடித்திருக்கிறேன்.

சேனலிலிருந்து கடிதம் வந்தது:
கையெழுத்தில்லாமல் ஒளிபரப்ப இயலாது.
படிவச் சண்டை யாருக்கு வேண்டும்?
லாரி, தையல், கண்ணீர், ஆறு நிமிடம்.

பதினெட்டு வருடமாக வெட்டுகிறேன்.
இருமலை, கொட்டாவியை, குறுக்கே போன கோழியை,
சாட்சி மூக்குச் சிந்துவதை.
ஓட்டவும் நிறுத்தவும் விசைப்பலகையின் அந்த நீளமான விசை,
அதை அழுத்துவது கட்டைவிரல் என்பதை
அன்றுதான் கவனித்தேன்.
நாற்பத்தொரு நிமிடத்தையும் அப்படியே விட்டேன்.
நாயையும்.

சேனல் வாங்கவில்லை.
அக்டோபரில், விசாரணை மன்றத்தில்
ஒரு வெள்ளைச் சுவரில் போட்டுக் காட்டினார்களாம்.
யெனி எழுதியிருந்தாள்:
மூன்று நீதிபதிகளில் ஒருவர் தூங்கிவிட்டார்.
ஒருவர் கெச்சுவா தெரிந்தவர் போல
பெனிக்னோ பேசிய இடத்தில் மட்டும் சிரித்தார்.
மூன்றாமவர் பேனாவை மூடிவிட்டுக் கேட்டார்:
அந்த நர்ஸின் காகிதம் எங்கே?

சுகாதாரத் துறைக் கிடங்கில்
அட்டைப்பெட்டி அட்டைப்பெட்டியாக அடுக்கியிருக்கிறதாம்.
கொண்டுவர உத்தரவு.
எத்தனை லாரி வேண்டும் என்று
இன்னும் கணக்கிட்டுக்கொண்டிருக்கிறார்கள்.